டப்பா உதைக்கும் சிப்பாய்

என் அப்பாவுக்கு ஒரு பழக்கம் உண்டு. ரோட்டில் எது கிடந்தாலும் உதைப்பார். ஆவடி குவார்ட்டர்ஸிலிருந்து கடைக்குப் போனால் ஒரே டப்பாவை உதைத்துக்கொண்டே போய், அதையே உதைத்துக்கொண்டு திரும்புவார். ராணுவத்தில் லாரி ஓட்டினார். எனக்கென்னவோ அவர் கால்பந்து வீரர்தான்.

அம்மாவின் தம்பி, என் மாமா, பூந்தமல்லியில் கார்ட்டூன் படம் செய்யும் கம்பெனியில் இருந்தார். எல்லையில் சண்டை மூண்ட நேரம். கண்ணிவெடியைப் பற்றிச் சிப்பாய்களுக்குச் சிரிப்புப் படம் செய்யும் வேலை அவரிடம் வந்தது. அப்பாவுக்கும் எல்லைக்குப் போக உத்தரவு வந்திருந்தது. படத்தை முடித்ததும் மாமா எங்கள் வீட்டில்தான் முதலில் போட்டுக் காட்டினார்.

தொப்பை வைத்த ஒரு சிப்பாய் வருகிறான். வழியில் கிடக்கும் டப்பாவை உதைக்கிறான். டமால்! மீசை கருகி மரத்தில் தொங்குகிறான். இறங்கி வந்து அடுத்த டப்பாவையும் உதைக்கிறான். அந்த நடை, உதைக்கும் முன் நாக்கைக் கடித்துக்கொள்வது, எல்லாம் அப்படியே அப்பா. மாமாவின் கைக்குத் தங்கக் காப்பு போடலாம் என்று இப்போது சொல்வேன். அன்று அப்பா மட்டும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

"இன்னாடா, இவரப் போயி இப்டி கோமாளி ஆக்கி வச்சிகீறே?" என்றாள் அம்மா.

"நோட்டீசு ஒட்னா எவன்க்கா படிக்கிறான்? சிரிச்சாத்தான் மண்டையில நிக்கும். அவரு காலு அவருகிட்டயே இருக்கணுமா, வேணாமா?" என்றார் மாமா.

அப்பா போனார். படமும் முகாம் முகாமாகப் போனது. விஷயம் கசிந்து, குவார்ட்டர்ஸ் பிள்ளைகள் என்னை 'டப்பா' என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். மானம் போயிற்று. மாமா வாங்கி வந்த அல்வாவைத் தின்றேன். ஆனால் அவரோடு பேசவில்லை.

எட்டு மாதம் கழித்து அப்பா லீவில் வந்தார். துணி எடுக்க மூவரும் குமணன்சாவடியில் பஸ்ஸை விட்டு இறங்கி நடந்தோம். வழியில் ஒரு பெயிண்ட் டப்பா, காலுக்கு வாகாகக் கிடந்தது. நான் ஆசையோடு காத்திருந்தேன். அப்பா சட்டென்று நின்றார். என் தோளைப் பிடித்து இழுத்துக்கொண்டு, அதைச் சுற்றிப் போனார்.

எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. ஒரு படத்தைக் காட்டி என் அப்பாவையே கெடுத்துவிட்டாரே இந்த மாமா!

வீட்டுக்கு வந்ததும் அம்மா மாமாவுக்குப் போன் போட்டாள். "சுத்திப் போனாருடா" என்றாள். சொல்லிவிட்டு அழுதாள். ஒரு டப்பாவை உதைக்காததற்கு இவள் ஏன் அழுகிறாள் என்று எனக்கு விளங்கவேயில்லை.