மச நாய்

1979 மே 14, திங்கட்கிழமை. பள்ளிக்கு விடுமுறை. அப்பாவும் அம்மாவும் ராசிபுரத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தார்கள். சித்தப்பா லாரியோடு வடக்கே. வெண்ணந்தூர்ப் பக்கம் எங்கள் தோட்டத்தில் நானும் சித்தியும்தான். மாட்டுக்குச் சோளத்தட்டுப் போட்டோம், பழைய சோறு உண்டோம், களத்தில் கடலை காயப்போட்டோம். சித்தி ஆத்தூருக்குக் கிழக்கே பிறந்தவள். கல்யாணமாகி வந்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை.

வரப்போரமாக வந்த செவலை நாய் ஒன்று, குரைக்காமலே என் கெண்டைக்காலைக் கவ்விவிட்டு ஓடியது. பின்னாலேயே தடியோடு பக்கத்துத் தோட்டத்து மாமன் வந்தார்.

“மச நாயிங்க அம்முணி! பையன உள்ள கூட்டிட்டுப் போங்க!” என்று கத்திக்கொண்டே நாய் போன பக்கம் ஓடிவிட்டார்.

சித்தி ஊரில் மசமச என்றால் மந்தம். “சோம்பேறி நாயே எழுந்து வந்து கடிக்குதுன்னா, நீ அதை என்னடா பண்ணின?” என்று சிரித்தபடி காயத்தில் மஞ்சளை அப்பினாள். எனக்கும் சரியாகத் தெரியாது. “மச நாயாட்டம் சுத்தாத” என்று அம்மா வைவாள். ஊர் சுற்றும் நாய் என்றுதான் நினைத்திருந்தேன்.

பொழுது சாய அப்பாவும் அம்மாவும் திரும்பினார்கள்.

“புள்ளைய ஒரு மச நாய் கடிச்சிடுச்சுக்கா, பாவம்.”

அம்மா செருப்பைக்கூடக் கழற்றாமல் என் காலைத் திருப்பிப் பார்த்தாள். “என்ன நாயின்னு சொன்ன?”

“மச நாயின்னுதான் அவர் சொன்னாரு...”

“வெறிநாய் அம்முணி, வெறிநாய்!” என்றார் அப்பா.

சேலத்துக்குக் கடைசி பஸ் போயிருந்தது. அம்மா சித்தியைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் சித்திக்குக் கொஞ்சம் ஆறியிருக்கும்.

பின்னாளில் அந்தச் சொல்லைத் தேடினேன். மயல் என்ற பழஞ்சொல்லுக்குப் பித்து என்று பொருள் உண்டு. உயிரை உசிரு என்கிற எங்கள் வாயில் மயல்தான் மசை ஆகி, மச நாயாக நின்றிருக்கும் என்பது என் ஊகம். உறுதியில்லை. வெறி ஏறியவருக்குத் தண்ணீர் தொண்டையில் இறங்காது என்பதும் பின்னாளில்தான் தெரிந்தது.

மறுநாள் விடிந்ததும், ஆஸ்பத்திரிக்குக் கிளம்புமுன், முதல் வேலையாகச் சித்தி ஒரு சொம்புத் தண்ணீரை என்னிடம் நீட்டினாள். மூன்று பேரும் என் தொண்டையையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். நான் அண்ணாந்து மடமடவென்று குடித்து முடித்தேன்.

“இன்னுங் கொஞ்சம் குடி சாமி” என்றாள் அம்மா. சித்தி சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

எனக்குப் பெருமையாக இருந்தது. ஒரு சொட்டுச் சிந்தாமல் குடித்ததைத்தான் அப்படிப் பார்க்கிறார்கள் என்று நினைத்தேன்.