காற்றின் மேல் போட்ட பழி

விமானம் வந்து நின்று, கடைசிப் பயணியும் இறங்கிப் போன பிறகு உள்ளே ஏறுகிறவர்கள் நாங்கள். நூற்றுக்கணக்கானோர் பத்து மணித்தியாலம் மூச்சுவிட்ட காற்று அசையாமல் நிற்கும். போர்வைகள் ஆள் இருந்த வடிவத்திலேயே குவிந்து கிடக்கும். சில இருக்கைகளில் கை வைத்தால் சூடு ஆறியிருக்காது. கொஞ்ச நேரத்துக்குள் எல்லாவற்றையும் துடைத்து, அங்கே எவருமே இருந்ததில்லை என்பதுபோல் ஆக்கிவிட வேண்டும். அதுதான் வேலை.

ஜேர்மனியில் பதினாறு வருடம் இருந்துவிட்டு, பிள்ளைகளின் படிப்புக்காக லண்டன் விமான நிலையத்துக்குப் பக்கத்து ஹவுன்ஸ்லோவுக்கு வந்தோம். வந்த வருடமே இந்த வேலை கிடைத்தது. பயணிகள் விட்டுப்போகும் பொருட்களை மேற்பார்வையாளரிடம் கொடுத்துவிடுவோம். பெயர் எழுதாத, நைந்த கதைப்புத்தகங்களை மட்டும் அவர் எங்கள் ஓய்வறை அலுமாரியில் வைக்கச் சொல்லுவார். வேண்டியவர்கள் எடுத்து வாசிக்கலாம். எடுத்தவள் நான் ஒருத்திதான்.

என் ஆங்கிலம் அப்படித்தான் வளர்ந்தது. முதலில் சொற்கள் பிடிபட்டன. பிறகு இன்னொன்று பிடிபட்டது. அமெரிக்காவின் எந்த மூலையிலிருந்து விமானம் வந்ததோ, அந்த மூலையின் புத்தகம் அதில் அடிக்கடி கிடக்கும். தெற்கிலிருந்து வந்தால் தண்ணீருக்குள் நிற்கும் மரங்கள், பூஞ்சணம் பிடித்த பெரிய வீடு, யாரும் திறக்காத ஓர் அறை. வடகிழக்குக் கரை என்றால் மூடுபனி, கல் மதில், தேவாலயத்தில் ஒருவரையொருவர் ஓரக்கண்ணால் பார்க்கும் சனம். மேற்கு என்றால் வெறும் தூரம். ஆட்களின் பெயர்கள் எனக்கு மனதில் நிற்காது. நிலம் நிற்கும். அந்த நிலத்தில் பிறந்துவிட்டு அந்த ஆட்கள் வேறு எப்படியும் இருந்திருக்க முடியாது என்று தோன்றும்.

என்னோடு வேலை செய்யும் அக்கா யாழ்ப்பாணத்துக்காரி, பிரான்சில் இருந்துவிட்டு வந்தவர். "ஆர் தொட்ட புத்தகமோ தெரியாது, வீட்டை கொண்டு போறாய்," என்று ஒருநாள் சொன்னார்.

"இறங்கிப் போனவையின்ர புத்தகம்தானே அக்கா."

"இறங்கிப் போனதை நீ கண்டனியோ?"

பகிடிக்குத்தான் கேட்டார். ஆனாலும் அன்றைக்கு அந்த வெறும் இருக்கைகளுக்கு நடுவே நடக்கும்போது நான் கொஞ்சம் வேகமாகவே நடந்தேன்.

ஒரு நவம்பரில், அமெரிக்காவின் நடுப்பகுதியிலிருந்து வந்த விமானத்தில் அந்தப் புத்தகம் கிடைத்தது. புல்வெளி நாட்டுக் கதை. மலை இல்லை, மரம் இல்லை, கண் எட்டும் மட்டும் தட்டையான நிலம். நடுவே ஒரு பண்ணை வீடு. அந்த வீட்டு மனிதனை அறுவடை முடிந்த ஒரு மாலையில் வெளியிலிருந்து ஏதோ ஒன்று பெயர் சொல்லிக் கூப்பிடுகிறது. அவன் எழுந்து போகிறான். திரும்பி வரவில்லை. காற்று அவனை அழைத்துக்கொண்டு போய்விட்டது என்று கதை முடிகிறது.

பக்க ஓரங்கள் முழுக்கப் பென்சில் குறிப்புகள். தொடக்கத்தில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் எழுதுவதுபோல் சொற்களுக்குக் கோடு, சில கேள்விக்குறிகள். நாற்பதாம் பக்கமளவில் அந்தக் கையெழுத்து மாறியது. "கிணறு வீட்டுக்குக் கிழக்கே. மேற்கே அல்ல." சில பக்கங்கள் தள்ளி, "கதவு உள்பக்கமாகத்தான் திறக்கும்." எழுதியவருக்கு அந்த வீடு தெரிந்திருந்தது. நான் பின்னேரம் குசினியில், அடுப்புக்குப் பக்கத்து மேசையில் இருந்து வாசித்துக்கொண்டிருந்தேன். நான்கு மணிக்கே வெளியே கருத்துவிட்டது. அந்த மனிதன் கூப்பிடு குரலைக் கேட்டுக் கதவைத் திறக்கும் பக்கத்துக்கு வந்தேன். ஓரத்தில் ஒரே ஒரு வரி.

"நாய் குரைக்கவில்லை."

எழுந்து போய்க் குசினி லைற்றைப் போட்டேன்.

நான் மன்னாரில், உப்புப் பரவைக்குப் பக்கத்து ஊரொன்றில் பிறந்தவள். எங்கள் ஊரும் மறைப்பேதுமில்லாத வெட்டைதான். முள் உடைமரங்கள், தூரத்தில் அடி பருத்த ஒரு பெருக்க மரம், கேட்பாரற்று அலையும் கழுதைகள். பொழுதுபட்ட பிறகு வெளியிலிருந்து யாராவது கூப்பிட்டால், மூன்றாம் தரம் கூப்பிடும்வரை பதில் கொடுக்கக்கூடாது என்பது எங்கள் வீட்டுச் சட்டம். வெட்டையில் திரிவது இரண்டு தரம்தான் கூப்பிடுமாம்.

எனக்குப் பதினொரு வயது. போர் எங்கள் பக்கம் வந்துவிட்ட காலம். ஒரு மாலை சித்தப்பா கிணற்றடியில் முகம் கழுவிக்கொண்டிருந்தார். வேலிக்கு அப்பாலிருந்து "அண்ணை" என்று ஒரு குரல். கொஞ்சம் பொறுத்து இன்னொரு தரம், "அண்ணை". சித்தப்பா தோளில் துவாயோடு போனார். எங்கள் நாய் வாலை ஆட்டிக்கொண்டு அவரோடு வேலிப் படலைவரை போனது. பிறகு நாய் மட்டும் திரும்பி வந்தது.

"ரெண்டாந்தரத்துக்கே எழும்பிப் போட்டார். வெட்டை கொண்டுபோட்டுது," என்று பெரியவர்கள் எங்களிடம் சொன்னார்கள். நாற்பது வருடம் நான் அதை நம்பினேன் என்றால் பொய். ஆனால் வேறு எதையும் நான் கேட்கவும் இல்லை.

புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் அச்செழுத்துக்குக் கீழே இருந்த வெற்றிடம் முழுக்கப் பென்சில் எழுத்து. சரிந்து, ஒன்றோடொன்று கோத்து, சில இடங்களில் தாள் கிழியும் அளவுக்கு அழுத்தி எழுதியிருந்தது. ஃபோனில் பெரிதாக்கிப் பார்த்தும் எனக்கு வாசிக்க ஏலவில்லை.

அப்போது பக்கத்து நூலகத்தில் சனிக்கிழமை பின்னேரங்களில் ஓர் இலவச வாசிப்பு வகுப்பு நடந்தது. அமெரிக்க இலக்கியத்தை அவர்கள் பிரதேசம் பிரதேசமாக வாசித்தார்கள். ஏழு பேர் வருவோம். படிப்பித்தவர் என் வயதுப் பெண், அதே புல்வெளி நாட்டில் பிறந்து, லண்டனில் கலியாணம் கட்டியவர். "எங்கள் நாடு ஒரே இலக்கியத்தை எழுத முடியாத அளவுக்குப் பெரியது," என்று முதல் நாளே சொன்னார். "ஒவ்வொரு நிலமும் தன்னைத் தானே எழுதிக்கொண்டது. தெற்கு வீட்டை எழுதியது. நாங்கள் காற்றை எழுதினோம். எங்களிடம் வேறென்ன இருந்தது?"

வகுப்பு முடிந்து எல்லோரும் போன பிறகு புத்தகத்தை அவரிடம் நீட்டினேன். அட்டையைப் பார்த்ததும் சிரித்தார். அவருக்கு நன்றாகத் தெரிந்த கதையாம், பல வருடம் படிப்பித்திருக்கிறாராம். பக்கங்களைப் புரட்டப் புரட்டச் சிரிப்பு நின்றது. நாயைப் பற்றிய வரியில் விரல் வைத்தபடி கதிரையில் இருந்துவிட்டார்.

"இது உங்களுக்கு எப்படிக் கிடைத்தது?"

சொன்னேன். எங்கள் ஊர்ச் சட்டத்தையும் சொன்னேன்.

"என் அம்மா எங்களைக் குரல் கொடுத்துக் கூப்பிட்டதே இல்லை," என்றார். "வாசலில் ஒரு மணி தொங்கும். மணிச் சத்தம் கேட்டால் வீட்டுக்கு வர வேண்டும். அம்மாவின் குரல் கேட்டால் வரக்கூடாது. எங்கள் பக்கத்தில் எல்லாப் பண்ணைகளிலும் அப்படித்தான்."

"ஏன் என்று கேட்டதில்லையா?"

"காற்று ஏமாற்றும் என்றார்கள். நாங்கள் நம்பினோம்."

கடைசிப் பக்கத்தை அவரிடம் திருப்பிக் காட்டினேன். அவருடைய பாட்டனார் காலத்துக் கையெழுத்துப்போல இருக்கிறதென்று சொல்லி, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு சொல்லாக வாசித்தார்.

"அது காற்று இல்லை. கூப்பிட்டது யார் என்று எங்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரியும். நாய்க்கும் தெரியும். புத்தகம் காற்று என்று சொன்னது எங்களுக்கு வசதியாக இருந்தது."

நூலகத்தில் எங்கள் இருவரையும் தவிர வேறு ஆள் இல்லை. அவர் புத்தகத்தை மூடி என் பக்கம் தள்ளினார். "நிலம் மனிதர்களை என்ன செய்கிறது என்றுதான் இத்தனை வருடமும் படிப்பித்தேன்," என்றார். பிறகு மேலங்கியை எடுத்துப் போட்டுக்கொண்டார்.

திங்கட்கிழமை புத்தகத்தை மேற்பார்வையாளரிடம் கொடுத்து, இது ஒருவருக்கு முக்கியமானது, தொலைந்த பொருட்கள் பிரிவுக்கு அனுப்புங்கள் என்று விமான இலக்கத்தையும் எழுதிக் கொடுத்தேன். யாராவது தேடி வந்தார்களா என்று எனக்குத் தெரியாது.

அன்று பின்னேரம் ஊருக்கு ஃபோன் எடுத்தேன். சித்தப்பாவின் மனைவி, என் சித்தி, இப்போதும் அதே வளவில்தான் இருக்கிறார். சுகம் விசாரித்துவிட்டு, நேரே கேட்டேன்.

"சித்தி, அண்டைக்குச் சித்தப்பாவைக் கூப்பிட்டது ஆர்?"

மறுபக்கத்தில் கதிரையை இழுத்துப் போடும் சத்தம் கேட்டது.

"உனக்குத் தெரியாதோ?" என்றார் சித்தி. "நீ தெரிஞ்சுதான் கதைக்காம இருக்கிறாய் எண்டெல்லோ நான் நினைச்சனான்."

மூன்று வீடு தள்ளி இருந்த பெடியன். எங்கள் வீட்டில் சாப்பிட்டு, சித்தப்பாவிடம் கணக்குப் பாடம் படித்தவன். "அவன்ர முதுகில துவக்கு வைச்சுக்கொண்டு நிண்டவங்கள்," என்றார் சித்தி. எந்தப் பக்கத்து ஆட்கள் என்று அவருக்கும் நிச்சயமில்லை. "இப்ப லண்டனிலதான் இருக்கிறான். ஒவ்வொரு நத்தாருக்கும் எனக்குக் கார்ட் போடுறவன். நான் ஒருக்காலும் பதில் போட்டதில்லை."

கார்ட் வந்த உறையை எடுத்துவந்து விலாசத்தை எழுத்து எழுத்தாகச் சொன்னார். கிங்ஸ்பரி.

அடுத்த ஞாயிறு தேவாலயத்தில் பூசை முடிந்ததும் பஸ் மாறிப் போனேன். ஒரே அச்சில் வார்த்த வீடுகளின் வரிசை. மணியை அழுத்தினேன். அறுபது வயதுக்கு மேற்பட்ட, முன்பக்கம் கொஞ்சம் கூனிய ஒருவர் கதவைத் திறந்தார். நான் இன்னாருடைய பெறாமகள் என்று சொன்னேன். அவர் முகத்தில் வியப்பே இல்லை.

"வாங்கோ," என்றார். "இவ்வளவு காலமும் ஒருத்தரும் வரேல்லை."

அந்தக் குரலைக் கேட்டதும் எனக்கு அடையாளம் தெரிந்துவிடும் என்று வழி நெடுகப் பயந்துகொண்டு வந்திருந்தேன். தெரியவில்லை. யாரோ ஒரு வயதான மனிதரின் குரல், அவ்வளவுதான். அதுதான் எனக்கு இன்னும் பயமாக இருந்தது.

தேத்தண்ணி போட்டுக் கொண்டுவந்து வைத்தார். வீட்டில் அவர் தனிய. தொலைக்காட்சி சத்தமில்லாமல் ஓடிக்கொண்டிருந்தது. நான் கேள்வியைத் தொடங்கும் முன்பே அவர் சொன்னார்.

"ஓம். நான்தான் கூப்பிட்டனான்."

தன் கோப்பையைத் தள்ளி வைத்தார்.

"முதல் தரம் மெதுவாத்தான் கூப்பிட்டனான். அவருக்குக் கேளாமல் போகட்டும் எண்டு. பின்னால நிண்டவன் இடிச்சான். ரெண்டாந்தரம் சத்தமாக் கூப்பிட்டன். உங்கட வீட்டில மூண்டாந்தரம்தானே எழும்பிறது, எனக்கு அது தெரியும். அதுக்குள்ள ஏதாவது நடந்து தப்புவார் எண்டு நினைச்சன்." எழுந்து தொலைக்காட்சியை அணைத்தார். "என்ர குரல் எண்டபடியால்தான் அவர் உடன வந்தவர்."

நான் அழவில்லை. அவரும் அழவில்லை. சித்தப்பாவை எங்கே கொண்டுபோனார்கள் என்று கேட்டேன். தன்னைப் படலையடியிலேயே விட்டுவிட்டார்கள், தான் பார்த்தது உடைமரங்களுக்குள் போன முதுகை மட்டும்தான் என்றார். தோளில் துவாய் கிடந்ததா என்று கேட்டேன். ஓம் என்றார். ஏன் அதைக் கேட்டேன் என்று எனக்கு இன்றும் விளங்கவில்லை. தேத்தண்ணியைக் குடித்து முடித்தேன். குடிக்காமல் எழும்ப மனம் வரவில்லை. மன்னிப்பு என்ற சொல்லை அவர் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை.

வகுப்புக்கு இப்போதும் போகிறேன். இப்போது பாலைவனப் பகுதிக் கதைகள். ஒரு நிலம் ஓர் ஆளை விழுங்கிவிட்டது என்று எங்காவது வாசித்தால், படிப்பிக்கிறவரும் நானும் ஒரே நேரத்தில் தலையை நிமிர்த்துவோம். அந்த இடத்தில் நிற்காமல் வகுப்பு அப்பால் போகாது.

கிங்ஸ்பரியிலிருந்து வந்த மறுநாள் சித்திக்கு ஃபோன் எடுத்து, போய்ப் பார்த்தேன் என்றேன். அந்த மனிதர் சொன்னதையெல்லாம் ஒன்றுவிடாமல் சொன்னேன்.

"ஆள் சுகமா இருக்கிறானோ?" என்றார் கடைசியில்.

"மெலிஞ்சு போனார் சித்தி. தனியத்தான் இருக்கிறார்."

"சமைச்சுச் சாப்பிடுறானாமோ?"

"கேக்கேல்லை."

"கேட்டிருக்கலாம்," என்றார் சித்தி. பிறகு மழை வரப் பார்க்கிறது, கொடியில் உடுப்புக் கிடக்கிறது என்று சொல்லி ஃபோனை வைத்துவிட்டார்.