கோப்பை வரும்வரை தாடி

மலேசியாவில், ஈப்போ புந்தோங்கில் ஐஸ் லோரி ஓட்டும் பத்துமலையின் முகத்தில் ஏப்ரலில் முளைத்த தாடி, ஜூனில் மகள் பிரமிளாவுக்குப் பரிசம் போடும் நாள் நெருங்கியும் இறங்குவதாக இல்லை. பெண்ணைப் பெற்றவன் தாடியோடு சபையில் உட்கார்ந்தால் வீட்டில் ஏதோ துக்கம் என்றுதான் நாலு பேர் நினைப்பார்கள். மாப்பிள்ளை வீடு தாப்பாவில். சகுனம் பார்க்கிற குடும்பம். சம்பந்தமே கலைந்துவிடுமோ என்று மனைவி துளசி நாளை எண்ணிக்கொண்டிருந்தாள்.

தாடிக்குக் காரணம் பீவர்ஸ். கனடாவில், பத்துமலை கண்ணால் கண்டிராத ஓர் ஊரின் ஐஸ் ஹாக்கிக் குழு. கோப்பைக்கான ஆட்டங்கள் தொடங்கிவிட்டால் வெல்லும்வரை அல்லது வெளியேறும்வரை ஆட்டக்காரர்கள் சவரம் செய்யமாட்டார்கள். முருகனுக்கு நேர்ந்துகொண்டு முடி வளர்க்கிற கூட்டத்துக்கு இதை விளக்கிச் சொல்லவா வேண்டும்? பத்துமலையும் கத்தியைக் கீழே வைத்துவிட்டான்.

வாலிபத்தில், சுங்கை சிப்புட் பக்கத்து ரப்பர் தோட்டத்தில், புல்தரை ஹாக்கிக்கு அவன்தான் கோல்கீப்பர். அந்தக் குழு ஒரு கிண்ணம்கூட வாங்கியதில்லை. தோற்றதெல்லாம் அவன் தலையில்தான் விழுந்தது. தோட்டம் அழிந்து வீடமைப்புத் திட்டம் வந்ததும் ஈப்போவுக்கு வந்து சேர்ந்தான். ஒருநாள் கோப்பிக்கடைத் தொலைக்காட்சியில் பீவர்ஸ் கோல்கீப்பர் விழுந்து புரண்டு மழையாய் வந்த அடிகளைத் தடுத்து, கடைசியில் ஒன்றை விட்டுத் தோற்றான். தலைகுனிந்து நின்றவனிடம் குழுவே வரிசையாக வந்து, அவன் தலையோடு தலை முட்டித் தேற்றிவிட்டுப் போனது. தோட்டத்தில் பத்துமலையிடம் அப்படி யாரும் வந்ததில்லை. அன்று பிடித்த கிறுக்குதான்.

"ஐஸ் லோரி ஓட்டுறவனுக்கு ஐஸ்லயே கிறுக்கு! தாடிய எடுலா, பண்டாரம் மாதிரி இருக்க," என்பான் கூட லோரியில் போகும் ஜெயபாலன்.

"அவனுங்க பந்துக்குப் பதிலா அடிக்கிற வில்லை ரப்பர்டா, மச்சான். நம்ம பாட்டன் மரம் சீவி எடுத்த பாலு. நமக்கு இல்லாத உரிமையா?"

இந்த வருஷம் பீவர்ஸ் இறுதிச்சுற்றுக்கே வந்துவிட்டது. இரண்டு பக்கமும் சமமாக வென்றிருக்க, முடிவு ஆட்டம் நம்மூர் நேரத்துக்குத் திங்கள் காலை. பரிசம் ஞாயிற்றுக்கிழமை.

"ஒருநாள் முன்னாடி எடுத்தா என்னங்க கொறஞ்சிரும்?" என்றாள் துளசி.

"அங்க எவனும் எடுக்கலியே."

"அவனுங்க வீட்ல பரிசமா போடுறாங்க?"

தாடி போகவில்லை.

ஞாயிறு காலை தாப்பாவிலிருந்து இரண்டு வேனில் ஆள் வந்து இறங்கியது. தட்டுகள் வைத்தாயிற்று. மாப்பிள்ளையின் அப்பா சதாசிவம் பூவைப் பார்க்கவில்லை, பழத்தைப் பார்க்கவில்லை, தாடியையே பார்த்தார்.

"சம்பந்தி, தப்பா நெனைக்காதீங்க. தாடி… பாப்பாவுக்காக முருகனுக்கு வேண்டுதலா?"

'ஆமான்னு சொல்லித் தொலைங்க' என்று துளசி கண்ணால் கெஞ்சினாள். தலையை ஆட்டினால் போதும். ஆனால் சாமி பேரில் சொல்கிற பொய் மகள் தலையில் விடியுமே என்று பத்துமலை பயந்தான்.

"வேண்டுதல் இல்லீங்க. ஐஸ் ஹாக்கி."

"என்னது?"

ஆரம்பித்தவனுக்கு நிறுத்தத் தெரியவில்லை. கூரை ஒழுகிய அரங்கில் பீவர்ஸ் ஆடி வாங்கிய முதல் கோப்பை, பிறகு அடுத்தடுத்து மூன்று, பனிப்புயலில் பேருந்து மாட்டி, பாதித் தூரம் நடந்தே போய் ஆடி வென்ற ஐந்தாவது. துளசி கண்ணை மூடிக்கொண்டாள்.

"அந்த அஞ்சாவது எப்போ?" என்றார் சதாசிவம்.

"நான் பொறக்கறதுக்கு முந்திங்க."

"அதுக்கப்புறம்?"

"நாலு தடவ பைனல் வந்தாங்க. நாலும் போச்சு."

"போயுமா நீங்க இன்னும் விடல?"

"தோத்தா விட்டுருவாங்களாங்க?"

சதாசிவம் மனைவி பக்கம் திரும்பினார். "இந்த மனுசன் ஒன்ன புடிச்சா லேசுல விடமாட்டாரு போல. சம்பந்தத்துக்கு இதான் வேணும். தட்ட மாத்துங்கலா!"

பிரமிளாதான் முதலில் சிரித்தாள். பிறகு வேனில் வந்த கூட்டமே சிரித்தது.

"ஆனா கல்யாணம் ஆவணியில," என்று விரலை நீட்டினார் சதாசிவம். "அதுக்குள்ள எடுத்துருவீங்கல்ல?"

"நாளைக்குக் காலையில ரெண்டுல ஒன்னு தெரிஞ்சிரும், சம்பந்தி."

தட்டு மாறியது. பந்தியில் துளசி சம்பந்திக்கு இரண்டாம் தடவையும் வலிய வந்து பாயசம் ஊற்றினாள். பக்கத்து இலையில் உட்கார்ந்திருந்த புருஷனுக்கு ஒரு கரண்டிகூட ஊற்றாமல் தாண்டித்தான் போனாள்.