ஒன்றரைக் கட்டை கீழே

நிஜாம் பாய் இறந்த செய்தி வந்தபோது நான் ஒரு கல்யாண ரவிக்கைக்கு ஹெம்மிங் பண்ணிக்கொண்டிருந்தேன். மணவாள நகரில் என் தையற்கடைக்குக் காலையில் போன் வந்தால், "ரெடி ஆயிடுச்சா?" என்று கேட்கும் யாராவதுதான் அநேகமாக இருப்பார்கள். அன்றைக்கு எங்கள் மெல்லிசைக் குழுவில் புல்லாங்குழல் வாசிக்கும் பரந்தாமன் அண்ணன். "வசந்தி, பாய் பூட்டாரும்மா" என்றார். "எந்த பாய்?" என்று கேட்டேன். எனக்குத் தெரிந்தது ஒரே ஒரு பாய்தான், அது அவருக்கும் தெரியும். ஆனாலும் பொறுமையாகப் பதில் சொன்னார். "நம்ம கீபோர்டு பாய்தான். நாஷ்டா துன்னுட்டு கடைக்குப் போயிருக்காரு. ஷட்டரத் தூக்கினவரு அப்டியே உக்காந்துட்டாராம்."

இதைப் படிக்கிற உங்களில் பாதிப் பேருக்கு அவர் பேரிங் கடை பாய். கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் எந்தக் கம்பெனியில் மோட்டார் கத்தினாலும் ஆள் அவர் கடைக்குத்தான் ஓடும். மீதிப் பாதிப் பேர் அவரை மேடையில் பார்த்திருப்பீர்கள். இடது ஓரத்தில், கட்டம்போட்ட சட்டையும் தொங்கும் கண்ணாடியுமாக, ஜனங்களைப் பார்க்காமல் பாடுகிறவர்களின் கழுத்தையே பார்த்துக்கொண்டிருப்பாரே, அவர்தான். பழவேற்காட்டு வியாபாரக் குடும்பத்துப் பிள்ளை. இளம் வயதில் மஸ்கட்டில் ஒரு ஓட்டலின் வரவேற்பறையில் பியானோ வாசித்தார். அங்கே ஒட்டிக்கொண்ட ஜாஸ் கடைசிவரை அவரை விடவில்லை. அவரும் எங்களை விடவில்லை.

துக்கம் கேட்கப் பழவேற்காட்டுக்குப் போயிருந்தேன். அவர் மனைவி ஜுலைகா என் கையைப் பிடித்துப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டார். பிறகு, "ஊட்ல இருந்தா அந்தப் பொட்டியத் தட்டிக்கினே இருப்பாரு. ஒரு பாட்டக்கூட முழுசா வாசிக்க மாட்டாரு. அதே நாலு கீய அமுத்திக்கினு கண்ண மூடிக்குவாரு. பேஜாருன்னு திட்டுவேன். இப்ப ஊடு கம்முனு கீது" என்றார். அந்த நாலு கீ எவை என்று எனக்குத் தெரியும். அவற்றுக்கு நான் பட்ட கடன் அந்த வீட்டில் சொல்லித் தீருவதாக இல்லை. அதனால் இங்கே எழுதுகிறேன்.

எங்கள் குழுவின் தலைவர் கோதண்டம் அண்ணனை உங்களுக்குத் தெரியும். அவருக்கு ஒரே ஒரு சட்டம். பாட்டு ரெகார்டில் எப்படி இருக்கிறதோ அப்படியே மேடையிலும் இருக்க வேண்டும். அதே வேகம், அதே இடையிசை, அதே சுருதி. சுருதியை இறக்கிக் கேட்கிற பாடகிக்கு அவர் அகராதியில் 'ரிட்டயர்டு' என்று பெயர். இப்படிப்பட்டவரிடம் நிஜாம் பாய் வந்து சேர்ந்த முதல் ஒத்திகையிலேயே, ஒரு சோகப் பாட்டின் நடுவில் விசித்திரமான ஒரு கார்டை, அதாவது நாலு சுரங்களைச் சேர்த்து அமுக்குகிற கூட்டோசையை, நுழைத்தார். கோதண்டம் அண்ணன் கையைத் தூக்கி எல்லோரையும் நிறுத்தினார். "இன்னா பாய் இது? பேய்ப் படத்துல கதவு தொறக்கறப்ப வாசிக்கிறத இங்க வாசிக்கிற?" பாய் கொஞ்சமும் அசரவில்லை. "டிமினிஷ்டு கார்டுண்ணே. பேய்ப் படத்துக்காரன் பாதி வழியிலயே நிறுத்திடறான், அதான் பயமா கீது. நீ கொஞ்சம் பொறுத்தின்னா அது ஊட்டுக்குக் கொண்டுபோய் வுடும்" என்றார். அண்ணன் பொறுக்கவில்லை. கார்டு அன்றைக்கு எடுக்கப்பட்டது. அடுத்த நிகழ்ச்சியில் வேறு ஒரு பாட்டில் வந்து உட்கார்ந்துகொண்டது.

ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் கடையில் பாதி ஷட்டரை இறக்கிவிட்டு, கிரீஸ் வாசனைக்கு நடுவில் ஜாஸ் வாசிப்பார். நான் கும்மிடிப்பூண்டிக்கு லைனிங் துணி வாங்கப் போகிற நாளில் டீ குடிக்க அங்கே நுழைவேன். அவர் என்னைவிட இரண்டு மூன்று வயதுதான் மூத்தவர். எனக்குப் பாடம் நடத்துகிற எண்ணமெல்லாம் அவருக்கில்லை. அவருக்கு ஒரு ஜோடிக் காது வேண்டியிருந்தது, அவ்வளவுதான். ஒரு நாள் என் நாலு விரலையும் பிடித்துக் கீபோர்டில் வைத்தார். ஒரு கீ, கறுப்பு வெள்ளை பார்க்காமல் நடுவில் இரண்டை விட்டு இன்னொரு கீ, மறுபடி இரண்டை விட்டு இன்னொன்று. நாலும் சம தூரம். கோதண்டம் அண்ணன் எடுக்கச் சொன்ன அதே கார்டுதான். "இதுல எது மொதலாளின்னு சொல்லு பாப்போம்" என்றார். நான் ஒவ்வொன்றாக அமுக்கிப் பார்த்தேன். "சொல்ல முடியாது. நாலும் ஒண்ணுதான். இது ஊத்துக்கோட்டை பஸ் ஸ்டாண்டு. எங்கேந்து வந்தேன்னு ஒருத்தனும் கேக்க மாட்டான். எங்க போவணும்னாலும் பஸ் கீது. இப்ப ஒரே ஒரு வெரல மட்டும் பக்கத்துக் கீக்கு எறக்கு" என்றார். இறக்கினேன். அந்த ஓசை எங்கேயோ போகத் துடிப்பதாக மாறியது. அவர் அது போக வேண்டிய சுருதியை வாசித்தார். மறுபடி நாலு விரலையும் வைக்கச் சொல்லி, வேறொரு விரலை இறக்கச் சொன்னார். அது முற்றிலும் வேறொரு சுருதியில் போய் இறங்கியது. நாலு விரலுக்கு நாலு ஊர். நான் டீயை ஆறவிட்டுவிட்டு அதையே திரும்பத் திரும்பச் செய்துகொண்டிருந்தேன்.

அந்தக் கார்டின் மேல் ஓடும் சுர வரிசையையும் வாசித்துக் காட்டுவார். முழுக் கட்டை, அரைக் கட்டை, முழுக் கட்டை, அரைக் கட்டை என்று மாறி மாறி ஏறுவது. பக்கத்துக் கீ அரைக் கட்டை, அதற்கடுத்தது முழுக் கட்டை என்று கணக்கு. ஏழு சுரத்தில் வளர்ந்த என் காதுக்கு அது எட்டுச் சுரமாக வந்து, முடிகிற இடமே தெரியாமல் படியேறிக்கொண்டிருந்தது. "இது ராகத்துல சேத்தி இல்லியே பாய்" என்றேன். "சேத்தி இல்லாததெல்லாம் தப்பு இல்லம்மா. தப்பா ஒரு சுரம் வுழுந்தா, அத இதுக்குள்ள வெச்சுப் பாரு. முக்காவாசி எடம் கெடச்சிடும்" என்றார். அவர் சொன்னதில் எனக்கு மிகவும் பிடித்தது இதுதான். அப்போது அதை இசையைப் பற்றிய பேச்சு என்றுதான் எடுத்துக்கொண்டேன்.

பிறகு எனக்குத் தைராய்டு அறுவைச் சிகிச்சை நடந்தது. டாக்டர், "குரல் வந்துடும்" என்றார். வந்தது. ஆனால் மாடியை வெளியிலேயே விட்டுவிட்டு வந்தது. கீழே பேச, திட்ட, பேரம் பேச எல்லாவற்றுக்கும் குரல் இருந்தது. மேலே ஏறினால் நூல் அறுந்த மாதிரி பட்டென்று போய்விடும். எனக்குப் பாட்டு என்பது கைச்செலவுக்கான விஷயம் இல்லை. அதைத் தையல் மிஷினே பார்த்துக்கொள்ளும். வாரம் முழுக்க மற்றவர்களின் அளவுக்குத் தைக்கிற எனக்கு, என் அளவில் இருந்தது அது ஒன்றுதான். அதைப் போக விடக்கூடாது என்று யாரிடமும் சொல்லாமல் சமாளித்தேன். உச்சம் வருகிற இடத்தில் மைக்கை ஜனங்கள் பக்கம் நீட்டிவிடுவேன். அவர்கள் சந்தோஷமாகக் கத்துவார்கள். இந்த வித்தை ஒரு பாட்டுக்கு ஒரு தடவைதான் செல்லும். இதற்குள் கோதண்டம் அண்ணன் ஒத்திகைக்கு ஒரு புதுப் பெண்ணை வரவழைத்திருந்தார். எதற்கு என்று எனக்குப் புரிந்தது.

ஊத்துக்கோட்டையில் ஒரு கல்யாண வரவேற்பு. எனக்குப் பெயர் வாங்கிக்கொடுத்த பாட்டைக் கேட்டார்கள். முதல் சரணத்தின் உச்சத்தில் மைக்கை நீட்டித் தப்பித்தேன். இரண்டாவது சரணத்துக்கு என்னிடம் வழியே இல்லை. நடுவில் இடையிசை ஓடிக்கொண்டிருந்தது.  அப்போது இடது பக்கத்திலிருந்து அந்தக் கார்டு வந்தது. திரும்பிப் பார்த்தேன். பாய் என்னைப் பார்க்கவில்லை. பேஸ் கிதார்காரருக்கு மூன்று விரலைத் தரையை நோக்கிக் காட்டினார். எங்கள் மேடைப் பாஷையில், அரைக் கட்டை அரைக் கட்டையாக மூன்று இறங்கு என்று பொருள். அதாவது பாட்டு முழுக்க ஒன்றரைக் கட்டை கீழே. ஒரே ஒரு விரலை நகர்த்திப் பாட்டை அங்கே கொண்டுபோய் நிறுத்தினார்.

எல்லாம் சரியாகத்தான் போயிருக்கும். ஆனால் பரந்தாமன் அண்ணன் கண்ணை மூடிக்கொண்டுதான் ஊதுவார் என்பது உங்களுக்கே தெரியும். விரல் சைகை அவருக்கு எப்படித் தெரியும்? தவிர, கீபோர்டு மாதிரி இல்லை குழல். சுருதி மாறினால் குழலையே மாற்ற வேண்டும். அவர் பழைய சுருதியிலேயே உருக்கமாக ஊத ஆரம்பித்தார். இரண்டு கல்யாணங்களின் நாதஸ்வரம் ஒரே தெருவில் எதிரெதிராக வந்த கதையாகிவிட்டது. முன்வரிசையில் ஒருவர் சாப்பிடுவதை நிறுத்திவிட்டுப் பார்த்தார். பாய் பதறவில்லை. மறுபடியும் அந்தக் கார்டுக்கே திரும்பி, எட்டுச் சுரத்தையும் மேலும் கீழுமாக ஓட்டினார். தப்பாக விழுந்த குழலின் சுரங்கள் ஒவ்வொன்றாக அதற்குள் போய் உட்கார்ந்தன. வேண்டுமென்றே அப்படி அமைத்தது போல இருந்தது. அதற்குள் பேஸ் கிதார்காரர் காலால் இடித்துப் பரந்தாமன் அண்ணனை எழுப்ப, அவர் பையிலிருந்து வேறு குழலை உருவிக்கொண்டார். பாய் தலையை அசைத்தார். நான் இரண்டாவது சரணத்தைத் தொட்டேன். உச்சம் வந்தது. மைக்கை யாரிடமும் நீட்டவில்லை. நானே பாடினேன். பல மாதங்களுக்குப் பிறகு என் குரல் முழுசாக என் காதில் விழுந்தது. கண்ணில் நீர் வந்துவிட்டது.

வேனில் ஏறியதும் அவரோடு சண்டை போட்டேன். நன்றி சொல்லியிருக்க வேண்டியவள்தான். ஆனால் என் குணம் உங்களுக்குத் தெரியுமே. "உங்கள யாரு கேட்டாங்க? என்னால முடியாதுன்னு நான் சொன்னேனா?" என்றேன். "நீ சொல்லல. உன் கழுத்து நரம்பு மூணு மாசமா சொல்லிக்கினே இருக்குது" என்றார். "சுருதிய எறக்கணும்னா கீபோர்டுலயே பட்டன் இருக்குதில்ல, அமுத்திட்டுப் போக வேண்டியதுதானே?" என்று கேட்டேன்.  "பட்டன அமுத்தினா பாட்டு தொபீர்னு வுழும். பாவம், அந்தம்மாவால முடியலன்னு ஜனங்க உச்சுக் கொட்டுவாங்க. நீ வுழலியே. நடந்துதானே எறங்கின?" என்றார். 

கோதண்டம் அண்ணன் முன்சீட்டிலிருந்து திரும்பினார். சட்டம் உடைந்த கோபம் முகத்தில் இருந்தது. "ரெகார்டுல அப்டி இல்லியே பாய்" என்றார். "ரெகார்டு மாதிரியேதான் வேணும்னா ஒரு பென் டிரைவ் போதுமேண்ணே. இத்தினி பேருக்கு டப்பு குடுத்து வேன்ல ஏத்திக்கினு வர்றது எதுக்கு?" என்றார் பாய். பென் டிரைவ் வைத்திருந்த டி.ஜே.காரன் ஒருவன் எங்கள் இரண்டு நிகழ்ச்சிகளைத் தட்டிக்கொண்டு போன சமயம் அது. அண்ணன் முன்னால் திரும்பி உட்கார்ந்துகொண்டார். உடனே மனம் மாறிவிட்டார் என்று எழுத ஆசைதான். அப்படி நடக்கவில்லை. சில உச்சப் பாட்டுகளை அந்தப் புதுப் பெண்ணுக்குக் கொடுத்தார். அவளும் நன்றாகவே பாடினாள். மீதிப் பாட்டுகளை ஒவ்வொன்றாக எடுத்து, என் குரல் எங்கே வசதியாக உட்காருகிறது என்று பார்த்து, அங்கே போக வழி செய்துகொடுத்தார் பாய். அதன்பின் இத்தனை ஆண்டுகள் நான் பாடியது அவர் போட்ட வழிகளில்தான்.

அவர் போன பிறகு எங்கள் முதல் நிகழ்ச்சி அத்திப்பட்டில், மின் நிலையத்துக்காரர்கள் குடியிருப்புக் கோயில் திருவிழாவில் நடந்தது. கீபோர்டுக்கு வந்தவர் கைதேர்ந்தவர், மரியாதையானவர். எனக்கு அவர்மேல் ஒரு குறையும் இல்லை. பாட்டு ஆரம்பிக்குமுன் குனிந்து, "ஒரிஜினல் ஸ்கேலாக்கா? இல்ல, உங்களுக்கு எறக்கணுமா?" என்று கேட்டார். பட்டனில் விரல் தயாராக இருந்தது. கோதண்டம் அண்ணன் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தார். அன்றைக்குப் புதிதாக வந்த அந்தப் பெண் தன் முறைக்காகக் காத்திருந்தாள். முன்பென்றால் அந்தக் கேள்விக்கு வெட்கப்பட்டு, ஒரிஜினல் என்று பொய் சொல்லி, உச்சத்தில் மைக்கை நீட்டியிருப்பேன்.

நிஜாம் பாயிடமிருந்து நான் என்ன வைத்துக்கொண்டிருக்கிறேன் என்று கேட்டால், அவருடைய கார்டுகளை எனக்கு வாசிக்கத் தெரியாது. எட்டுச் சுரத்தையும் வரிசையாகப் பாட இன்றைக்கும் வராது. எனக்கு என்று ஓர் இடம் இருக்கிறது, அது தோற்றுப்போய் வந்து சேர்ந்த இடமில்லை என்பதைத்தான் வைத்துக்கொண்டிருக்கிறேன்.

"எதையும் எறக்க வேணாம்பா" என்றேன், மைக்கில் கேட்டாலும் கேட்கட்டும் என்று. "என் ஸ்கேல்ல வாசி." அவர் புரியாமல் பார்த்தார். நான் குனிந்து அவருடைய கீபோர்டில், பாய் எனக்காகக் கண்டுபிடித்த சுருதியின் கீயைத் தொட்டுக் காட்டினேன். கோதண்டம் அண்ணன் ஒன்று, இரண்டு, மூன்று என்று தாளம் எண்ண ஆரம்பித்தார்.