ஏட்டுக்குச் சொன்ன அர்த்தம்

ஆம்பூர்க் கடைத்தெருவில் அந்நியத் துணி மறியல் நடந்தபோது, என் மகள் கூட்டத்தின் நடுவே நின்று "இது கொடுங்கோல் ஆட்சி" என்று பேசிவிட்டாள். மறுநாள் காலை போலீஸ் ஏட்டு ஒருவர் வீட்டுக்கு வந்தார். அந்தச் சொல்லின் அர்த்தத்தை ரிப்போர்ட்டில் எழுத வேண்டுமாம். நான் பள்ளிக்கூடத்தில் தமிழ் கற்பிப்பவள் என்பதால் என்னையே கேட்டார்.

"கொடுங்கோல்னா இன்னா டீச்சரம்மா?"

தெரியாது என்று சொல்லியிருக்கலாம். ஆனால் மகள் பக்கத்தில் நின்றாள். அவளுக்கு அந்தப் பாடத்தை நடத்தியவளே நான்தான்.

"ராஜா கையில இருக்கறது கோல். நேரா இருந்தா செங்கோல். பழைய தமிழ்ல 'கொடு'ன்னா வளைஞ்சது. ராஜா நியாயம் தவறுனா கோல் வளைஞ்சிடுச்சின்னு அர்த்தம். அதான் கொடுங்கோல்."

சொல்லி முடிப்பதற்குள் வேலூர் ஜெயிலின் மதில்தான் கண்முன் நின்றது.

ஏட்டு பென்சிலைக் காதில் செருகினார். "இவ்ளோ எழுத ரிப்போர்ட்ல இடம் இல்லம்மா. கூச்சல்ல பேச்சு காதுல விழலன்னு எழுதிக்கிறேன். பாப்பாவ கொஞ்ச நாள் கடைத்தெருவுக்கு அனுப்பாதீங்க."

அவர் போனதும் மகள் சிரித்தாள். "ஏட்டுக்கே பாடம் நடத்திட்டியேம்மா."

எனக்குச் சிரிப்பு வரவில்லை. கதவைத் தாழிட்டு, அவள் கையைப் பிடித்தபடி வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன்.