இடது பத்தியில் ஒரு பெயர்

எங்கள் ஆபீசில் அவனுக்கு ஸ்கேல் என்று பெயர். வலைப்பக்கத்தில் அக்கம்பக்கமாக நிற்கிற பத்திகளை அடுக்கி அழகுபடுத்துவதுதான் அவன் வேலை. இரண்டு பத்திக்கு நடுவே இடைவெளி மயிரிழை கூடினாலும் அவனுக்குச் சோறு இறங்காது. என் மேஜையில் டம்ளர் கோணலாக இருந்தால்கூட எட்டி நேராக்குவான். "உன்னைக் கட்டிக்கப் போறவ பாவம்டா" என்பேன். "அவளையும் நேரா நிக்க வெச்சிருவேன்" என்பான்.

அவனை வளர்த்தது அண்ணன். அப்பா அம்மா இவன் சின்னப் பையனாக இருந்தபோதே போய்விட்டார்கள். பெயிண்ட் கம்பெனியில் டிரம் உருட்டி உருட்டித்தான் அண்ணன் இவனைப் படிக்க வைத்தார். அண்ணி வந்த பிறகும் முதல் தட்டு இவனுக்குத்தான்.

அந்தப் பெயிண்ட் கம்பெனி ஒருநாள் காலையில் பற்றி எரிந்தது. அண்ணன் உள்ளே வேலையில் இருந்தார்.

சிக்கியவர்களின் பெயர்களை வெளியிட உடனே ஒரு வலைப்பக்கம் வேண்டுமென்று அதிகாரிகள் எங்களிடம் வந்தார்கள். உறவுக்காரர்கள் காத்திருக்கும் மண்டபத்தில் பெரிய திரையில் காட்டப் போகிறார்களாம். "நீ கிளம்புடா, நான் பண்றேன்" என்றேன்.

"அங்க அண்ணி இருக்காங்க. நான் போய் நின்னு என்ன பண்ணப் போறேன்? பேரு வந்தா முதல்ல எனக்குத்தானே தெரியும்" என்று உட்கார்ந்துவிட்டான்.

மேலே இரண்டு தலைப்பு. இடது பக்கம் 'மீட்கப்பட்டவர்கள்', வலது பக்கம் 'தேடப்படுபவர்கள்'. கீழே பெயர்கள் ஒரே ஓட்டமாக இறங்கும். மீட்கப்பட்டவர்கள் முடிகிற இடத்தில் ஒரு தடுப்பு வைத்தால், மீதிப் பெயர்கள் வலது பத்திக்குத் தாவிவிடும். அகர வரிசையில் போடச் சொல்லியிருந்தார்கள். வாழ்க்கையில் முதல் தடவையாக ஸ்கேல் வரிசையைக் கலைத்தான். தேடப்படுபவர்களில் அண்ணன் பெயரைத் தூக்கி முதலாவதாக வைத்தான். தேடுகிறவர்கள் கண்ணில் அது முதலில் படட்டும் என்று அவனுக்கு ஒரு நப்பாசை.

வலது பத்தி நீண்டுகொண்டே போனது, இடது பத்தி குட்டையாகவே நின்றது. பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்காமல் கிடந்தவனை வலுக்கட்டாயமாக டீக்கடைக்கு இழுத்துப் போனேன். டம்ளரைக் கையில் வாங்குவதற்குள் போன் அடித்தது. அண்ணி போட்ட கூச்சல் எனக்கே கேட்டது.

"தம்பி! அண்ணன் பேரு வந்துருச்சுப்பா! மீட்கப்பட்டவங்கள்ல வந்துருச்சு!"

அவன் நடுத்தெருவில் என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அழுதான். நானும் அழுதேன், எனக்கென்ன வெட்கம்? டீயை அப்படியே வைத்துவிட்டுப் படியேறி ஓடினோம்.

அவன் நாற்காலியில் மேனேஜர் உட்கார்ந்திருந்தார். அவருக்கும் இந்த வேலை அரைகுறையாகத் தெரியும். தெரியாமலே இருந்து தொலைத்திருக்கலாம்.

"ஒரு பக்கம் மொட்டையா இருந்துச்சுப்பா. பெரிய திரையில அசிங்கமா இருக்காது? சரி பண்ணிட்டேன், பாரு" என்றார்.

தடுப்பை எடுத்துவிட்டார் மனிதர். இரண்டு பத்தியும் ஒரே உயரத்தில், வெட்டி வைத்தது போல் நின்றன. வலது பத்தியின் தலையில் இருந்த பெயர்கள் இடது பத்தியின் காலடிக்கு வந்துவிட்டன. அதில் முதல் பெயர் அண்ணனுடையது. அடப் பாவி மனுஷா, உனக்கு அழகு ஒரு கேடா? அன்றைக்கு அவரை அறையாமல் விட்டதற்கு இன்றைக்கும் எனக்கு ஆறவில்லை.

ஸ்கேல் அவரை எழுந்திருக்கச் சொன்னான். நாற்காலியில் உட்கார்ந்து போனை எடுத்து ஸ்பீக்கரில் போட்டான்.

"அண்ணி, எங்கயும் கிளம்பாதீங்க."

"ஆஸ்பத்திரிக்கு ஆட்டோ வந்துருச்சுப்பா. ஏன்?"

"அது தப்பு அண்ணி. அந்தப் பக்கத்துப் பேரு இந்தப் பக்கம் வந்து விழுந்துருக்கு. அண்ணனை இன்னும் கண்டுபிடிக்கல."

ஆட்டோக்காரரை இருக்கச் சொல்வது கேட்டது. பிறகு, "மாத்தப் போறியா?" என்று கேட்டார் அண்ணி.

"மாத்தணும் அண்ணி. அண்ணனுக்குக் கீழ இன்னும் பேரு இருக்கு. அந்த வீட்டுக்காரங்களும் கிளம்பிட்டிருப்பாங்க."

"கொஞ்ச நேரம் அப்படியே இருக்கட்டும் தம்பி."

அவன் கண்ணை மூடிக்கொண்டான். கை மட்டும் வேலையைச் செய்தது. தடுப்பு திரும்ப வந்ததும் அண்ணன் பெயர் வலது பத்தியின் உச்சிக்குப் போய் நின்றது. போனை யாரும் வைக்கவில்லை. மண்டபமே அலறியது அதில் கேட்டது.

மறுநாள் மேனேஜர் அவன் மேஜைப் பக்கம் வந்து, முகத்தைப் பார்க்காமல், மூன்றாவதாக ஒரு பத்தி வேண்டும் என்றார். என்ன தலைப்பு என்று அவனும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. "எந்திரிடா, நான் பண்றேன்" என்று கெஞ்சினேன். அவன் எழுந்திருக்கவில்லை. மூன்று பத்திக்கும் ஒரே அகலம் கொடுத்தான். இடைவெளியைச் சரிபார்த்தான். அண்ணன் பெயரை இந்தத் தடவை மூன்றாவது பத்தியில், அகர வரிசையில் எங்கே வரவேண்டுமோ அங்கே வைத்தான்.