பிணத்துக்குக் கூடுதலாக ஐந்து விநாடி

எங்கள் அலுவலகத்தில் அவளுக்குக் கத்தரி அக்கா என்று பெயர். கையில் கத்தரி கிடையாது. படத்தில் மேலும் கீழும் எதுவரை தெரியலாம் என்று கணினியில் கோடு போடுவதுதான் வேலை. படத்தை ஓட்டிக் காட்டுவது நான்.

பழைய போர்ப் படம் ஒன்றை, அன்று வெட்டிப் போட்டதைச் சேர்த்து நாற்பது நிமிடம் நீட்டி மறுபடி வெளியிடப் போகிறார்கள். அன்று அகலத் திரைக்காக மறைத்த மேல்பகுதி, கீழ்ப்பகுதியையும் திறந்து காட்டவேண்டுமாம். திறந்தால் சும்மாவா வரும்? மன்னர் காலில் ரப்பர் செருப்பு, கோட்டைக்கு மேலே மைக். அதையெல்லாம் தேடிப் பிடித்து மறைப்பது அக்காவின் தலையெழுத்து. எட்டு வாரத்தில் அவளுக்குக் கண் பூத்துப்போனது.

அக்காவின் வீட்டுக்காரர் துணை நடிகர். இந்தப் படத்தில் பிணமாகக் கிடந்தவர். பிணம் என்றால் இப்படிக் கிடக்கணும் என்று டைரக்டரே தன்னைக் காட்டிச் சொன்னதாக, முப்பது வருஷம் வீட்டில் பீற்றிக்கொண்டாராம். திரையில் தெரிந்ததோ தலைமுடி மட்டும். உறவுக்காரர்கள் அதைச் சொல்லிச் சொல்லியே சிரித்தார்கள். அவர் நிஜமாகவே போய்ச் சேர்ந்து இரண்டு வருஷம் ஆகிறது. வீட்டில் இருப்பது விறைத்து நிற்கும் கல்யாணப் படம் ஒன்றுதான்.

திங்கட்கிழமை காலையில் அந்தக் காட்சி வந்தது. கீழ்ப்பகுதியைத் திறந்ததும் அவருடைய முழு முகம், மார்பில் அம்பு. பழைய படத்தில் வெட்டிய இடத்துக்குப் பிறகும் ஐந்து விநாடி கூடுதல். அந்த ஐந்து விநாடியில் பிணம் ஒற்றைக் கண்ணைத் திறந்து, பக்கத்துப் பிணத்தைப் பார்த்துச் சிரித்தது. சாப்பாட்டுக்கு விசில் அடித்துவிட்டதாக நினைத்திருப்பார், பாவம்.

அக்கா திரும்பப் போடச் சொன்னாள். பதினொரு தடவை போட்டேன். செல்போனை வாசலிலேயே வாங்கி வைத்துவிடுவார்கள், அந்தச் சிரிப்பைப் படம் பிடித்து வைத்துக்கொள்ளவும் வழியில்லை.

"அப்படியே விட்டுடுங்கக்கா. ஆயிரம் பேர் கூட்டத்துல யாரு கவனிக்கப் போறா?" என்றேன்.

"ஒருத்தன் கவனிச்சாலும் போச்சு. நல்லா செத்தேன்னு சொல்லிச் சொல்லி சந்தோஷப்பட்ட மனுஷன். அதை நானே பொய்யாக்கவா?"

கணினியில் கீழே போட்டிருந்த கோட்டை மேலே ஏற்றினாள். சிரிப்பு போனது, முகம் போனது, முடி மட்டும் நின்றது. முந்தானையால் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டாள்.

"அடுத்ததைப் போடு தம்பி. இன்னும் எண்ணூறு பேர் சாகணும்."